அணு உலைக்கு வைத்த பொட்டு

அணு உலை வேலைக்கு என்னைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் என் படிப்பு இல்லை. நான் பத்தாவது வரை படித்தவள், அதிலும் கணக்கில் கர்த்தருடைய கிருபையால் தேறியவள். காரணம், என் நெற்றியும் கழுத்தும் காதும் காலியாக இருந்ததுதான். எங்கள் சபையில் பெண்கள் பொட்டு வைப்பதில்லை, பூ வைப்பதில்லை, நகை போடுவதில்லை. பவுடர் போட்டுக்கொண்டு போனால்கூடப் பாஸ்டர் ஒரு மாதிரி சிரிப்பார்.

ஒரகடத்தில் நான் வேலை செய்யும் தொழிற்சாலையில் புதிதாக ஒரு கிளீன் ஹால் கட்டினார்கள். அதற்குள் போகிறவர்கள் பூ, பொட்டு, விபூதி, வளையல், பவுடர், தலை எண்ணெய் எதுவும் இல்லாமல் போகவேண்டும். எச்ஆர் மேடம், ஷாப் என்று நாங்கள் சொல்லும் வேலைக்கூடத்தில் இருந்த பெண்களை வரிசையாக நிறுத்திப் பார்த்துக்கொண்டே வந்தார். என் முன்னால் வந்ததும் முகம் மலர்ந்தது. "நீங்க ரெடிமேடாவே இருக்கீங்களே" என்றார்.

என்னோடு தேர்வானவள் குன்றத்தூரிலிருந்து கம்பெனி பஸ்ஸில் வருகிற இன்னொரு பெண். அவளும் ஏதோ ஒரு சபை. என்னைவிடச் சின்னவள், அதனால் அக்கா என்பாள். நாலு பேர் நடுவில் வாய் திறந்தால் எனக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். அவளுக்கு வாயை மூடினால்தான் ஒட்டும்.

கிளீன் ஹாலில் எனக்கு மிகவும் பிடித்தது முகமூடி. தலைக்குக் குல்லா, வாய்க்கு மூடி, உடம்புக்கு வெள்ளை அங்கி, கைக்குப் பருத்தி உறை, காலுக்கும் உறை. கண் மட்டும்தான் வெளியே தெரியும். எல்லாரும் அவித்த முட்டை போல உலாவுவோம். அநாவசியமாகப் பேசக்கூடாது, பேசினால் எச்சில் தெறிக்கும் என்பது சட்டம். வாழ்க்கையில் முதல் தடவையாக என் கூச்சத்துக்கு ஒரு கம்பெனி சம்பளம் கொடுத்தது.

நாங்கள் துடைத்துக்கொண்டிருந்தது ஒரு சின்ன அணு உலையின் கலன். அது என்ன என்று விளக்கக் குவாலிட்டி சார் எங்களை உட்காரவைத்து வகுப்பு எடுத்தார். அவர் தெற்கத்திக்காரர். வழுக்கை, எப்போதும் வயிற்றுவலி வந்தது போன்ற முகம். அணுவைப் பிளந்தால் சூடு வரும், சூட்டில் தண்ணீர் காயும், ஆவி வரும், ஆவி சக்கரத்தைச் சுற்றும், சக்கரம் கரண்ட் கொடுக்கும், இல்லாவிட்டால் கப்பலைத் தள்ளும் என்றார்.

"அவ்ளோதானா சார்? குக்கருதானே?" என்றாள் குன்றத்தூர்க்காரி.

சார் சற்று யோசித்தார். "குக்கர்தான். ஆனா விசில் அடிக்கக் கூடாது."

பெரிய அணு உலை கடற்கரையில் ஒரு ஊர் மாதிரி பரந்து கிடக்குமாம். இது சின்னது. தொழிற்சாலையிலேயே செய்து, டிரெய்லரில் ஏற்றி, கப்பலுக்குள் இறக்கிவிடலாம். கரண்ட் கம்பி போகாத ஏதோ ஒரு தீவிலோ பனிப் பிரதேசத்திலோ கொண்டுபோய் வைத்துவிடலாம். சின்னது என்றால் எங்கள் வீட்டைவிட உயரம். ஒரு தடவை எரிபொருள் போட்டால் வருஷக் கணக்கில் மாற்றவே வேண்டாம் என்று சார் சொன்னதும், அதுவரை கொட்டாவி விட்டுக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்து உட்கார்ந்தோம். சிலிண்டர் புக் பண்ணிவிட்டுக் காத்திருக்கிறவர்களுக்குத்தான் அந்த வார்த்தையின் அருமை தெரியும்.

எங்கள் கலனுக்குள் அணுவும் இல்லை, குணுவும் இல்லை. ஒரு வெளிநாட்டுக் கம்பெனி சோதனைக்காகச் செய்யச் சொன்ன வெறும் பாத்திரம். அதற்குள் சுடுதண்ணீரை அழுத்திச் சுற்றவிட்டுப் பார்ப்பார்களாம். இதை எத்தனை தடவை சொன்னாலும் ஊர் நம்பவில்லை. சிங்கப்பெருமாள் கோவிலில் நான் ஏறுகிற ஷேர் ஆட்டோவின் டிரைவர், "யக்கா, உன் பக்கத்துல ஃபோன வச்சா சார்ஜ் ஏறுமா?" என்று தினமும் கேட்பார். என் வீட்டுக்காரர் கட்டிலில் தள்ளிப் படுத்தார். அதற்கு முன்பும் தள்ளித்தான் படுப்பார். இப்போது ஒரு விஞ்ஞானக் காரணம் கிடைத்திருந்தது.

கலனை வெறுங்கையால் தொடக்கூடாது என்பதுதான் முதல் விதி. வேர்வையில் உப்பு இருக்கிறது, உப்பு பட்ட எவர்சில்வர் சூட்டிலும் அழுத்தத்திலும் நாளடைவில் மயிரிழை மாதிரி வெடிக்கும் என்று சார் படம் போட்டுக் காட்டினார். ஊறுகாயை எவர்சில்வர் சம்படத்தில் வைக்கக்கூடாது என்று எங்கள் அம்மா சொன்னதை நான் ஏன் என்று கேட்டதில்லை. சாரிடமும் கேட்கவில்லை. நான் யாரிடமும் எதையும் கேட்பதில்லை.

இனி கிரேன் அண்ணனைப் பற்றிச் சொல்லவேண்டும். ஐம்பதைத் தாண்டியவர். வெளி ஷாப்பில் உயரே கேபினில் உட்கார்ந்து கிரேன் ஓட்டுகிறவர். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், கூச்சத்தில் சுவரோரமாக ஒதுங்கி ஒதுங்கி நடப்பதைப் பார்த்துவிட்டு, "நேரா நடம்மா, ஷாப்பு இன்னா ஒங்க மாமியார் வூடா?" என்று மேலேயிருந்து கத்தினார். ஷாப்பே சிரித்தது. நான் இன்னும் ஒதுங்கினேன். ஆனால் அன்றைக்கு அந்த இடத்தில் என்னை ஒரு ஆளாகக் கவனித்தது அவர் ஒருவர்தான்.

ஷாப்பில் எந்த ஜாப் முடிந்தாலும் முதல் பொட்டு அவர் கையால்தான் விழும். பாய்லர் டிரம்மோ, பால் டேங்கோ, சிமெண்ட் ஆலை உருளையோ, அவருக்கு எல்லாம் ஒன்றுதான். சட்டைப் பையில் குங்குமப் பொட்டலம் எப்போதும் இருக்கும். அப்புறம் கற்பூரம், பூசணிக்காய், டிரெய்லர் டயருக்குக் கீழே எலுமிச்சம்பழம். ஒரு தடவை எலுமிச்சம்பழத்தை மறந்துவிட்டார்கள். வண்டி வாலாஜாபாத் தாண்டுவதற்குள் பஞ்சர். அதிலிருந்து எங்கள் ஸ்டோர்ஸில் வெல்டிங் ராடுக்குப் பக்கத்திலேயே எலுமிச்சம்பழமும் கிடைக்கும்.

மாதக் கணக்காகப் படுத்துக் கிடந்த கலனை நிமிர்த்தி நிறுத்தும் நாள் வந்தது. கிளீன் ஹாலில் கேபின் கிடையாது, தரையில் நின்று ரிமோட்டை அழுத்தித்தான் தூக்கவேண்டும். ரிமோட் ஓட்டுகிற பையன்களைவிட இவர் கை நிதானம் என்று சாரே அண்ணனைக் கூப்பிட்டார். முட்டை வேஷத்தில் அவர் வந்து நின்றபோது குன்றத்தூர்க்காரி, "அண்ணே, ஒனக்கு இப்பத்தான் ஒரு களை வந்திருக்குது" என்றாள்.

அவர் தூக்கினார். ஒரு ஆட்டம் இல்லை, ஒரு சத்தம் இல்லை. கலன் மெல்ல எழுந்து நின்றது. கோபுரம் மாதிரி என்று எழுதத்தான் கை போகிறது, ஆனால் உண்மையில் அது பெரிய டிபன் கேரியர் மாதிரிதான் இருந்தது. இருந்தாலும் எல்லாரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டே நின்றோம். போட்டோ எடுத்தார்கள். சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

மறுநாள் காலையில் அதே சார் கிளீன் ஹால் வாசலில் நின்று கத்திக்கொண்டிருந்தார். கலனைத் தூக்கக் கொக்கி மாட்டுகிற வளையத்துக்கு ஷாப்பில் காது என்று பெயர். அந்தக் காதின் பின்பக்கம் ஒரு குங்குமப் பொட்டு.

"யாரு வச்சது?"

"நான்தான் சார்" என்றார் கிரேன் அண்ணன். தயக்கமே இல்லை.

"ஏன்யா, படிச்சுப் படிச்சுச் சொன்னேனே, கலன் மேல எதுவும் படக்கூடாதுன்னு!"

"கலன் மேல வைக்கல சார். காதுக்குப் பின்னால வச்சேன். கொயந்தைக்குக் கண்ணு படக்கூடாதுன்னு வைக்கிறமே, அப்டி. யாருக்கும் தெரியாது."

"எனக்குத் தெரிஞ்சுதே!"

"நீங்க காதுக்குப் பின்னாலல்லாம் எட்டிப் பாப்பீங்கன்னு நான் இன்னாத்த கண்டேன் சார்."

சார் அவருடைய கேட் பாஸை வாங்கிக்கொண்டு, சாயங்காலம் முடிவு சொல்வதாகச் சொல்லி, செக்யூரிட்டி ரூம் பெஞ்சில் போய் உட்காரச் சொன்னார். பிறகு எங்களிடம் வந்து முனகினார்.

"கறை ஒண்ணும் பெருசில்லம்மா, அஞ்சு நிமிசத்துல துடைச்சிரலாம். நாளைக்கு இன்ஸ்பெக்டர் வாராரு. பொட்டு வச்ச விசயத்தை நான் மறைக்க முடியாது, சொல்லித்தான் ஆகணும். வேற எத்தனை பேரு எங்கெங்க தொட்டாங்கன்னு கேப்பாரு. ஒரே ஒருத்தன்தான் செஞ்சான், அவனையும் அனுப்பியாச்சுன்னு சொன்னாத்தான் நம்புவாரு. இல்லன்னா கலனையே வேணாம்னு தள்ளிருவாரு."

கிரேன் அண்ணன் காண்ட்ராக்ட் ஆள். இருபது வருஷம் இருந்தாலும் காண்ட்ராக்ட் ஆள் காண்ட்ராக்ட் ஆள்தான். ஐம்பது தாண்டிய கிரேன்காரரை இந்தத் தொழிற்சாலை வட்டாரத்தில் வேறு எந்தக் கம்பெனியும் உள்ளே விடாது. அவருக்கும் அது தெரியும். கண்ணாடி வழியாகப் பார்த்தேன். பெஞ்சில் உட்கார்ந்துகொண்டு, வாட்ச்மேனுக்குக் குங்குமம் கொடுத்துக்கொண்டிருந்தார்.

பொட்டைத் துடைத்தோம். முதலில் அசிட்டோன், பிறகு உப்பில்லாத தண்ணீர். அதன் பிறகு எங்கள் கடைசி வேலை பாக்கி இருந்தது, யூவி லைட். ஹாலின் விளக்குகளை எல்லாம் அணைத்துவிட்டு அந்த ஊதா வெளிச்சத்தைக் கலன்மேல் அடித்தால், சாதாரணக் கண்ணுக்குத் தெரியாத அழுக்கெல்லாம் தெரியும். துணியிலிருந்து உதிர்ந்த நூல் மீன் செதில் மாதிரி மின்னும். எண்ணெய் பட்ட இடம் வெளிறி ஒளிரும். அதைப் பார்த்துப் பார்த்துத் துடைக்கவேண்டும். லைட் என் கையில், துணி குன்றத்தூர்க்காரி கையில்.

கீழேயிருந்து ஆரம்பித்தோம். குழாய் சேரும் ஒரு வாயின் அடிப்பக்கம் சின்னதாக ஒரு சிலுவை பளிச்சென்று ஒளிர்ந்தது.

நான் அவளைப் பார்த்தேன். முட்டை வேஷத்திலும் முழிப்பது தெரிந்தது.

"நீதானே?"

"நேத்து நிமித்தி நிறுத்துனாங்களே, அப்பதான்க்கா. நாளைக்கு இத மாதிரி ஒண்ண வச்சிக்கினு கப்பல்ல போறவங்களும் புள்ளகுட்டிக்காரங்கதானே. ஜெப எண்ணெய்தான் பூசுனேன்."

"எண்ணெ கூடாதுன்னுதானே சொன்னாங்க?"

"அது சாதா எண்ணெக்கா."

கொஞ்சம் மேலே லைட்டை நகர்த்தினேன். ஒரு உள்ளங்கை, ஐந்து விரலும் தெளிவாக. யாரோ காலால் ஸ்டாண்டை இடித்துவிட்டு, உறையைக் கழற்றி, தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டிருக்கிறார்கள். காலில் பட்ட பொருளைத் தொட்டுக் கும்பிடாமல் நம் ஜனங்களால் ஒரு எட்டு வைக்க முடியாது. அந்தக் கை யாருடையது என்று இன்றுவரை தெரியாது. என்னுடையது இல்லை.

இன்னும் மேலே, ஓர் ஆண் நின்றபடி கை வைக்கும் உயரத்தில், விரலால் எழுதிய ஒரே ஒரு எழுத்து ஒளிர்ந்தது. உ.

பிள்ளையார் சுழி. எங்கள் தொழிற்சாலையில் போர்டில் எழுதும்போதும் சரி, டீக்கணக்கு எழுதும்போதும் சரி, மேலே உ போட்டுவிட்டு ஆரம்பிக்கிறவர் ஒரே ஒருவர்தான். வழுக்கையில் தடவிய எண்ணெய், உறையைக் கழற்றிய விரலில் மிச்சமிருந்திருக்கும்.

குன்றத்தூர்க்காரி தரையில் உட்கார்ந்துவிட்டாள். முகமூடிக்குள் சிரித்துச் சிரித்து மூடியே நனைந்துவிட்டது. "யக்கா, இவரு காதுக்குப் பின்னால கூட வைக்கல, நெத்திலயே எழுதியிருக்காரு!"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. எங்கள் வேலையே துடைப்பதுதான். எல்லாவற்றையும் துடைத்துவிட்டால் கலன் சுத்தம், சார் சுத்தம், இவள் சுத்தம். கேட்டில் உட்கார்ந்திருப்பவர் மட்டும் அழுக்கு. துடைக்காமல் காட்டினால் இவளும் அந்தப் பெஞ்சில் போய் உட்காரவேண்டி வரலாம். சிலுவையை மட்டும் துடைத்துவிட்டு மற்றதைக் காட்டினால் என்ன என்றும் தோன்றியது. அதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை, கூட வேலை செய்கிறவள் இவள்.

"சிலுவைய மட்டும் துடைச்சிடவா?" என்று கேட்டேன்.

அவள் சிரிப்பை நிறுத்தினாள். கொஞ்ச நேரம் சிலுவையைப் பார்த்தாள். "வாணாங்கா. அதுவும் கெடக்கட்டும். பிள்ளையார மாட்டி வுட்டுட்டு ஏசப்பா மட்டும் தப்பிச்சிக்கினாரு, நல்லாவா இருக்கும்? மாட்டுனா எல்லாரும் கும்பலா மாட்டுவோம். நீ போயி கூட்டிக்கினு வா."

"நானா?"

"நான் போனா பேசிக் கெடுத்துடுவேன்க்கா."

சாரின் அறைக்குப் போனேன். கதவருகே நின்றேன். அவர் நிமிர்ந்து பார்த்தார். வழியெல்லாம் மனப்பாடம் செய்துகொண்டு போன வாக்கியம் வாசலிலேயே கழன்று விழுந்துவிட்டது.

"சார்... லைட்டு."

"ஃப்யூஸா? எலக்ட்ரீஷியன்கிட்டச் சொல்லுங்கம்மா."

நான் அங்கேயே நின்றேன். கூச்சக்காரர்களுக்கு ஒரே ஒரு ஆயுதம்தான் உண்டு, பேசாமல் நிற்பது. எதிரில் இருப்பவர் பத்து நிமிஷம் வேலை செய்வது போல நடிப்பார், பேனாவைத் திறப்பார், மூடுவார். கடைசியில் அவரே எழுந்துவிடுவார். சாரும் எழுந்தார்.

அவர் உள்ளே வந்ததும் குன்றத்தூர்க்காரி ஹால் விளக்குகளை அணைத்தாள். நான் ஊதா வெளிச்சத்தைக் கீழே அடித்தேன்.

"இது யாரு?" என்றார் சார்.

"ஏசப்பா சார்."

"அது தெரியுதும்மா. போட்டது யாரு?"

"நான்தான் சார்" என்றாள். கிரேன் அண்ணன் சொன்ன அதே தினுசில்.

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். நான் வெளிச்சத்தை உள்ளங்கைக்கு நகர்த்தினேன். "ஐயோ, இது வேறயா? இது எவன்?" என்றார். நான் இன்னும் மேலே நகர்த்தினேன்.

உ.

சார் கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், திரும்ப மாட்டினார். உ அங்கேயே இருந்தது. அவருடைய வலது கை கொஞ்சம் கொஞ்சமாக முதுகுக்குப் பின்னால் போனது.

"கை தானா போட்டிருக்கும்மா" என்றார். "எனக்கே தெரியல."

இருட்டு, முகமூடி, கையில் லைட். எனக்குப் பேசுவதற்கு அதைவிட வசதியான இடம் கிடைக்காது.

"அண்ணன் கேட்ல உக்காந்துகினு கீறாரு சார்" என்றேன்.

"லைட்டப் போடுங்க" என்றார் சார். "அவரை வரச் சொல்லுங்க."

கிரேன் அண்ணன் வந்தார். சார் அவருக்கு எதையும் காட்டவில்லை, ஆனால் குன்றத்தூர்க்காரி வழியிலேயே எல்லாவற்றையும் சொல்லியிருந்தாள். முகத்தில் வெற்றிக் களிப்பு வழிந்தது. அதை மறைக்க அவர் முயலவும் இல்லை.

"இனிமே கலன் மேல வைக்க மாட்டேன்னு சொல்லுங்க" என்றார் சார்.

"சொல்லலாம் சார். கை கேக்கணுமே." சாரின் கையை ஒரு பார்வை பார்த்தார். "ஒங்களுக்குத் தெரியாததா?"

சார் ஹாலுக்குள் குறுக்கும் நெடுக்குமாக நடந்தார். ஒரு மூலையில் போய் நின்றார். அங்கே மேஜைமேல் கூப்பன் கிடந்தது. கலன் செய்த அதே தகட்டில் வெட்டி எடுத்த துண்டு. கலனுக்கு என்னென்ன வெல்டிங், என்னென்ன சூடு கொடுத்தோமோ எல்லாம் அதற்கும் கொடுத்திருந்தோம். கலனை உடைத்துப் பார்க்க முடியாது என்பதால், அதற்குப் பதிலாகக் கூப்பனை உடைத்துப் பார்ப்பது வழக்கம். அந்தச் சோதனை ஏற்கெனவே முடிந்து, மீதித் துண்டு சும்மா கிடந்தது.

"சோதனைக்கு அந்தக் கலனுக்குப் பதிலா இது நிக்குதுல்ல?" என்றார் சார், பாதி தனக்குத்தானே. "அப்ப சாமிக்கும் இதுவே நிக்கட்டும். ஹாலுக்கு வெளியில ஒரு ஸ்டாண்ட் போட்டு வைப்போம். வைக்கிறவங்க எல்லாரும் இதுல வச்சுட்டு, கையக் கழுவிட்டு உள்ள வாங்க."

கிரேன் அண்ணன் துண்டைத் தூக்கிப் பார்த்தார், தட்டிப் பார்த்தார். "ரத்த சொந்தந்தான்" என்று ஒப்புக்கொண்டார். கேட் பாஸ் திரும்பி வந்தது.

நாங்கள் எல்லாவற்றையும் துடைத்தோம். மறுநாள் வந்த இன்ஸ்பெக்டர் மிக உயரமான வெள்ளைக்காரர். சார் மறைக்காமல் எல்லாவற்றையும் சொன்னார், உ உட்பட. பேசிய இங்கிலீஷில் அது மட்டும் எனக்குப் புரிந்தது, ஏனென்றால் சொல்லும்போது காற்றில் விரலால் போட்டுக் காட்டினார். இன்ஸ்பெக்டர் தன் கையாலேயே லைட் பிடித்து அங்குலம் அங்குலமாகத் தேடினார். ஒன்றும் கிடைக்கவில்லை. ஈரப் பஞ்சில் ஒற்றி எடுத்து உப்பு இருக்கிறதா என்று பார்த்தார். இல்லை. நீளமாக இங்கிலீஷில் ஏதோ பேசினார். சாரின் வயிற்றுவலி முகம் முதல் தடவையாக விலகியதால் நல்லதாகத்தான் இருக்கும் என்று எடுத்துக்கொண்டோம். போகும்போது வாசலில் இருந்த கூப்பனை போட்டோ எடுத்துக்கொண்டார். அதற்குள் அதில் ஒரு பக்கம் குங்குமமும் சந்தனமும், மறுபக்கம் ஜெப எண்ணெயும் ஏறியிருந்தன.

கலன் பத்திரமாகக் கிளம்பிப் போனது. டயருக்குக் கீழே எலுமிச்சம்பழம் வைக்க யாரும் ஆட்சேபிக்கவில்லை, டயருக்கு எந்த விதியும் இல்லை.

கொஞ்ச நாள் கழித்து, வாங்கின கம்பெனி இன்னும் ஒரு சோதனை கேட்டது. கூப்பன் துண்டைப் பிடித்து இழுத்து உடைத்துப் பார்க்கவேண்டுமாம். அந்தக் கலனின் தகட்டில் வேறு துண்டு மிச்சம் இல்லை. லேப்காரர் வந்து ஸ்டாண்டில் இருந்ததைக் கழற்றிக்கொண்டு போய்விட்டார். கிரேன் அண்ணனுக்குச் செய்தி போனபோது அவர் கேபினில் இருந்தார். அவ்வளவு வேகமாக அவர் ஏணியில் இறங்கி நான் பார்த்ததில்லை.

"சாமிய அறுத்துட்டீங்களாடா!" என்று லேப் வாசலில் நின்று கத்தினார்.

"அறுத்து இழுத்தாச்சுண்ணே" என்றார் லேப்காரர். "கேட்டதுக்கு மேலயே தாங்குச்சு. அப்புறந்தான் ஒடஞ்சுது."

அண்ணன் அடங்கினார். பின்னாலேயே ஓடி வந்திருந்த குன்றத்தூர்க்காரியை ஓரக்கண்ணால் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"பொட்டு வச்ச பக்கத்துல ஒடஞ்சுதா, எண்ணெ பூசுன பக்கத்துல ஒடஞ்சுதா?"

"நடுவுலண்ணே."

இரண்டு பேரும் ஒரே நேரத்தில் மூச்சு விட்டார்கள். அண்ணன் திரும்பி நடந்து ஏணியில் ஏறினார். கேபினுக்குப் போய்ச் சேர்ந்ததும் மேலேயிருந்து என் பக்கம் பார்த்துக் கத்தினார்: "நீ இன்னும் ஓரமாத்தான் நிக்கிறியா? போம்மா, போயி அடுத்த ஜாப்புலேர்ந்து ஒரு துண்டு கேட்டு வாங்கிக்கினு வா!"

போனேன். சாரின் அறை வாசலில் நின்றேன். சார் என்னைப் பார்த்ததும் பேனாவை மூடிவிட்டு எழுந்தே விட்டார்.